ஐந்தாவது குறிப்பு

ஷெத்புலாக்
ஜூன் 3

அன்புள்ள கம்ஷாத் அக்காவுக்கு,

உன் வீட்டு உயிர்களும் கால்நடைகளும் நலமா? கடலோரத்து அடுக்குமாடியில் உனக்கு ஏது கால்நடை என்று சிரிப்பாய். அதைக் கேட்காமல் தொடங்கினால் எனக்குக் கை ஓடாது. போனில் பேசினால் உனக்குக் காது கேட்பதில்லை, எனக்கு நாக்கு எழுவதில்லை. அதனால் எழுதுகிறேன். வானிலை நிலையத்துப் பழக்கம் விடவில்லை. சொல்லப்போவதை முதலில் வரிசைப்படுத்திக்கொள்கிறேன்:

1. வெள்ளம் கொண்டுபோன என் குளியல் கூடம் மறுபடி எழுந்துவிட்டது.
2. அதற்கு வரி வந்தது.
3. வரியை ஒத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டேன். பணமும் கட்டிவிட்டேன்.
4. முடிந்துபோன அந்த விஷயத்தை நீதிமன்றத்துக்குக் கொண்டுபோக நினைக்கிறேன்.
5. கையெழுத்து வாங்கிய அதிகாரி யார் என்பது இதற்குத் தேவையில்லை.

நான்காவதில் எனக்கே நிச்சயமில்லை. மற்றவை சரி என்றுதான் நினைக்கிறேன்.

ஏப்ரலில் பனி ஒரே மூச்சில் உருகி ஓடை ஊருக்குள் வந்தது. குளியல் கூடத்தில் மிஞ்சியது அடுப்பும் வாசற்படியும்தான். படியில் உட்கார்ந்திருந்தேன். டிராக்டர் ஓட்டும் ரகிம்ஜான் வந்து நின்றான். "என்ன அண்ணே, நாட்டுக்கெல்லாம் மழை வருமா வராதான்னு சொன்னீங்க, சொந்தச் சுவரு போகும்னு மட்டும் சொல்லலையே!" என்றான். ஊர் கூடிக் கூலியில்லாமல் கட்டித் தரும் அசாருக்கு ஆள் கூப்பிட வேண்டும். கூப்பிடக் கூச்சமாக இருந்தது. யார் வருவார்கள், எனக்காக ஏன் வர வேண்டும்? ஓடைக்கு அக்கரையில் பால் விற்கும் பல்ஷெகெர் எனக்குத் தெரியாமல் வீடு வீடாகப் போய்க் கூப்பிட்டுவிட்டாள்.

மறுநாள் ஊரே வந்தது, அக்கா. மண்வெட்டியோடும் வாளியோடும். வைக்கோலும் களிமண்ணும் மிதித்தார்கள், மரம் தூக்கினார்கள். பெண்கள் ஒரு பக்கம் கறி வேகவைத்தார்கள், ஒரு பக்கம் பவுர்சாக் மாவுருண்டை பொரித்தார்கள். மலைமேல் புயல்மேகம் எழுவதை எத்தனையோ தடவை பார்த்து எழுதி வைத்தவன் நான். அது ஏன் எழுகிறது என்று புத்தகத்தில் இருக்கிறது. கூலி வாங்காத கைகள் சேர்ந்து ஒரு சுவரை எழுப்பியது எப்படி என்று எந்தப் புத்தகத்திலும் இல்லை. ஒரு மூலையில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தேன். "ஓரமா நில்லுங்க அண்ணே, உங்களையும் சேத்துப் பூசிடப் போறோம்" என்றார்கள்.

குளிக்க வருகிறவர்களிடம் கட்டணம் வாங்குவதால் நான் பதிவு செய்த வியாபாரி. வேலை நடந்த படத்தை யாரோ செல்போனில் போட, மாவட்ட வரி அலுவலகத்தில் கூப்பிட்டார்கள். இத்தனை பேர் வேலை செய்திருக்கிறார்கள், இவர்களுடைய கூலிக்கான வரி எங்கே என்றார்கள். அசார் என்றேன். "அசார்னு ஒரு கட்டம் எங்க கம்ப்யூட்டர்ல இல்லை, பெரியவரே" என்றாள் ஒரு பெண், வருத்தத்தோடுதான். பிறகு ஒரு சமரசப் பத்திரம் வந்தது. ஒத்துக்கொண்டால் பாதி தள்ளுபடி, அதோடு விஷயம் முடிந்தது. கையெழுத்துப் போட்டேன்.

முடியவில்லை. வெள்ளத்தில் அடித்தளம் இளகியிருந்த பல்ஷெகெர் வீட்டுக் கூரை மே மாதம் உள்ளே விழுந்தது. அவளும் இரண்டு பெண்களும் வெளிச் சமையல் கொட்டகையில் படுக்கிறார்கள். பனிக்கு முன் கூரை ஏற வேண்டும். அசாருக்கு யாரும் வரவில்லை. பால் விற்பதால் அவளும் வியாபாரிதான். எனக்கு நேர்ந்தது அவளுக்கும் நேரும், அவளால் தாங்க முடியாது என்று ஊர் ஒதுங்கி நிற்கிறது. "உங்க கையெழுத்துப்படி நான் உங்க கூலியாள் அண்ணே. கூலி எப்போ?" என்று ரகிம்ஜான் கேட்டான். எல்லோரும் சிரித்தார்கள். பல்ஷெகெர் சிரிக்கவில்லை.

உன் முழங்கால் எப்படி இருக்கிறது?

வணக்கத்துடன்
உன் தம்பி தெமிர்கலி


அக்டாவ்
ஜூன் 20

தம்பி தெமிர்கலி,

எனக்கு உயிரு ஒண்ணு, கால்நடை ஒரு பூனை. ரெண்டும் நல்லாத்தான் இருக்கு. முழங்கால் கடல்காத்துக்கு முனகுது. பக்கத்து வீட்டுக்காரி கொடுத்த தைலத்தைத் தடவறேன். நாத்தம்தான் மிச்சம்.

உன் கடுதாசியை, பாக்க வந்த மகளுக்குச் சத்தமா படிச்சுக் காட்டினேன். "மாமா கோர்ட்டுக்கா? மாமாவா?"ன்னு அவ கேட்டுக்கிட்டே இருக்கா. சின்ன வயசுல கடைக்காரன் சில்லறை குறைச்சுக் கொடுத்தா, திரும்பிப் போய்க் கேக்கப் பயந்து என்னை அனுப்புவியே, அந்தத் தெமிர்கலியான்னு எனக்கும் நம்ப முடியலை. ஆனா நல்ல விஷயம். அந்தப் பொண்ணு உனக்காக வாசல் வாசலா ஏறி எறங்கியிருக்கா. நீ ஒரு வாசல் ஏறு.

இந்த வருஷம் ஆப்ரிகாட் ஜாம் போட்டியா? வீட்டுக்காரி போன பிறகு அந்த அடுப்பை யாரு தொடறா? தண்ணி சுட வெச்சுக் குடிக்கறியா? என் மகன் அசில்பெக் குளிர்காலத்துலயே உங்க மாவட்டத்துக்கு மாத்தலாகி வந்துட்டானே, வந்து பாத்தானா? கறி ஆக்கிப் போட்டியா? அவனும் வரி ஆபீஸ்லதானே இருக்கான், அவன்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே. தாய்மாமன்னா உசுர விடற புள்ளை.

உன் அஞ்சாவது குறிப்பு மட்டும் எனக்குப் புரியலை. தேவையில்லாத விஷயத்தை யாராவது நம்பர் போட்டு எழுதுவாங்களா?

உடம்பைப் பாத்துக்கோ.
அக்கா


ஷெத்புலாக்
ஜூலை 8

அன்புள்ள அக்காவுக்கு,

நீயும் பூனையும் நலமாக இருப்பது மகிழ்ச்சி. நீ கேட்டவற்றுக்கு வரிசையாகப் பதில்: ஆப்ரிகாட் ஜாம் போடவில்லை, பழத்தைக் காகம் தின்றது. அடுப்பை நான்தான் தொடுகிறேன். தண்ணீரைக் கொதிக்க வைத்துத்தான் குடிக்கிறேன்.

மனுக் கொடுத்துவிட்டேன். முதல் விசாரணைக்கும் போய் வந்தேன். அதைச் சொல்ல வேண்டும்.

நீதிமன்றம் என்றால் தூணும் படியும் இருக்கும் என்று நினைத்திருந்தேன். பழைய நூலகக் கட்டிடம்தான். நுழைந்ததும் நடுவழியில் நின்றுவிட்டேன். அரசாங்கம் என் எதிரே உட்கார்ந்திருந்தது, அக்கா. வரி அலுவலகத்தின் சார்பாக வந்த வக்கீல். கழுத்தில் பட்டை, கையில் கோப்பு. அவருக்குப் போட்டிருந்ததும் எனக்குப் போட்டிருந்ததும் ஒரே மாதிரி மர நாற்காலி. அவருடையதில் ஒரு கால் ஆடியது. இத்தனை பெரிய நாடு, புல்வெளியும் பாலையும் ராக்கெட் ஏவும் இடமும் உள்ள நாடு, ஒரு குளியல் கூடக்காரன் கூப்பிட்டதற்காக வந்து, ஆடும் நாற்காலியில் உட்கார்ந்திருந்தது. நீதிபதி உள்ளே வந்தபோது அதுவும் எழுந்தது, நானும் எழுந்தேன்.

நீதிபதி ஒரு பெண்மணி. ஐம்பது வயதிருக்கும். பத்திரத்தைப் படித்துவிட்டுக் கேட்டார்: "இது உங்க கையெழுத்துதானே? யாராவது மிரட்டினாங்களா?"

"இல்லைம்மா."

"ஏமாத்தினாங்களா?"

"இல்லைம்மா."

"அப்ப நீங்களே ஒத்துக்கிட்டு முடிச்சுக்கிட்டது. முடிஞ்சதை நான் தொறக்கணும்னா, முடிச்ச விதத்துல ஏதாவது தப்பு இருக்கணும். இருக்கா? யோசிச்சுச் சொல்லுங்க. அவசரமில்லை."

அவசரமில்லை என்று ஒரு நீதிபதி சொல்லிக் கேட்டது எனக்கு ஆச்சரியம். நான் யோசித்தேன். "இல்லைம்மா" என்றேன்.

அவர் பத்திரத்தின் அடியில் இருந்த அதிகாரியின் கையெழுத்தை மறுபடி பார்த்தார். வழக்கைத் தள்ளிவிடுவார் என்று நினைத்தேன். அக்டோபருக்குத் தேதி போட்டு, பத்திரம் வாங்கிய அதிகாரியை வரச் சொன்னார்.

வெயில் நேரத்தில் வெளியே போகாதே.

உன் தம்பி


அக்டாவ்
ஜூலை 24

தம்பி,

ஜாமுக்குப் பதில் எழுதியிருக்கே. அடுப்புக்கு எழுதியிருக்கே. தண்ணிக்கு எழுதியிருக்கே. வரிசை தப்பாத ஆளு நீ, ஒண்ணை மட்டும் விட்டிருக்கே.

இங்க புழுக்கம். தூக்கம் வரலை. படுத்துக்கிட்டு அந்த வெள்ளை நெத்திக் குட்டியை நெனச்சுக்கிட்டிருந்தேன். அசில்பெக்குக்கு அப்ப ஏழு வயசு. உன் வீட்டு வாசல்ல உக்காந்துக்கிட்டு, "மாமா, நான் மருமகன், இந்தக் குதிரைக்குட்டியைக் கேக்கறேன்"னு சொன்னான். யாரு சொல்லிக் கொடுத்தாங்களோ. தாய் செத்த குட்டி அது, உன் பொண்டாட்டி புட்டியில பால் கொடுத்து வளத்தது. அவ கண்ணைத் தொடச்சுக்கிட்டா. நீ உள்ளே போய், குதிரைமுடியில நீயே முறுக்கின கயித்தை எடுத்துட்டு வந்து, குட்டி கழுத்துல கட்டி அவன் கையில கொடுத்தே. அக்கா மகன் மூணு தடவை கேக்கலாம், மாமன் மறுக்கக் கூடாது. நம்ம அப்பாவும் மறுக்கலை, தாத்தாவும் மறுக்கலை.

நான் அவன் காதைத் திருகி, "ஒண்ணு ஆச்சு, இன்னும் ரெண்டுதான் இருக்கு. பாத்துக் கேளுடா"ன்னேன்.

இப்ப உன்னைக் கேக்கறேன் தம்பி. ரெண்டாவது ஆயிடுச்சா?

அக்கா


ஷெத்புலாக்
ஆகஸ்ட் 5

அன்புள்ள அக்காவுக்கு,

ஆயிற்று.

உடல்நலம் விசாரிக்காமல் தொடங்கியதற்கு மன்னித்துக்கொள். நீ நலமா?

மே மாதம் அசில்பெக் வீட்டுக்கு வந்தான். கறி ஆக்கிப் போட்டேன். உப்புக் குறைவு, ஆனாலும் இரண்டு தட்டுச் சாப்பிட்டான். பிறகு பையிலிருந்து பத்திரத்தை எடுத்தான். "மாமா, இது மேலிடத்துக்குப் போனா அபராதம் வட்டின்னு குளியல் கூடமே போயிடும். நான் பாதியைக் குறைச்சு எழுதியிருக்கேன். இதுக்கு மேல என் கையில இல்லை" என்றான். அசார் வேலைக்குக் கூலியாள் என்று எழுதியிருக்கிறதே என்றேன். முகம் வாடினான். "தெரியும் மாமா. மருமகனா கேக்கறேன். போட்டுடுங்க" என்றான்.

மருமகனாகக் கேட்கிறேன் என்று சொன்ன பிறகு நான் பத்திரத்தைப் படிக்கவில்லை. அது எனக்கு வரிப் பத்திரமாகத் தெரியவில்லை. இன்னொரு குதிரைக்குட்டி. எழுந்து போய்ப் பேனா எடுத்து வந்தேன்.

சட்டம் தெரியாமல் போட்டேன். பிறகு தெரிந்துகொண்டேன். உறவினரின் கோப்பை ஓர் அதிகாரி தொடக்கூடாது. தொட்டால் அந்தச் சமரசமே செல்லாது. உறவைச் சொல்லாமல் மறைத்தவருக்கு வேலையும் இருக்காது. அவன் பெயருக்குப் பின்னால் இருப்பது அத்தான் வழிப் பெயர். அலுவலகத்தில் யாருக்கும் தெரியவில்லை. என்னைக் காப்பாற்றத்தான் அவன் வாய் மூடியிருந்தான். காசு வாங்குகிறவர்கள் நடுவில் ஒரு காசு வாங்காதவன் என்று ஊரில் சொல்கிறார்கள்.

நீதிபதி தப்பு இருக்கிறதா என்று கேட்டபோது இருந்தது, அக்கா. என் வாயில் இருந்தது. நான் அதைச் சொன்னால் பல்ஷெகெரின் கூரை ஏறும், உன் மகன் இறங்குவான். சொல்லாவிட்டால் அவள் பெண்கள் கொட்டகையிலேயே பனிக்காலத்தைப் பார்ப்பார்கள். இனி இந்த ஊரில் யார் சுவர் விழுந்தாலும் மற்றவர்கள் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

எனக்கு முடிவெடுக்கத் தெரியவில்லை. நீ சொல்வதைச் செய்கிறேன்.

உன் தம்பி


ஷெத்புலாக்
செப்டம்பர் 12

அன்புள்ள அக்காவுக்கு,

உன்னிடமிருந்து கடிதம் இல்லை. தபால் தாமதமாக இருக்கும். உனக்கு உடம்புக்கு ஒன்றும் இல்லையே?

மேல் முகட்டில் முதல் பனி விழுந்துவிட்டது. காலையில் பார்த்தேன். இத்தனை ஆண்டு பார்த்தும் அந்த வெண்மை ஒவ்வொரு முறையும் என்னைப் பேசவிடாமல் செய்துவிடுகிறது. இந்த முறை அழகு என்று நினைத்த உடனே கொட்டகையின் தகரம் நினைவுக்கு வந்தது.

ரகிம்ஜானும் இன்னும் நால்வரும் சாட்சி சொல்ல வருவதாகச் சொல்லியிருக்கிறார்கள். "கேசு நிக்காதுன்னு தெரியும் அண்ணே. டவுனைப் பாத்து நாளாச்சு, அதான் வர்றோம்" என்றான்.

நான் பேசாமல் இருப்பதென்று ஏறக்குறைய முடிவு செய்திருக்கிறேன். எனக்குப் பொய் சொல்ல வராது. சும்மா இருக்க வரும். ஏறக்குறைய என்று ஏன் எழுதினேன் என்று தெரியவில்லை.

ஒரு பயம் இருக்கிறது. மூன்றாவது இன்னும் பாக்கி. "வாயைத் திறக்காதீங்க மாமா" என்று அவன் கேட்டுவிட்டால், கேட்டது கேட்டதுதான். அப்புறம் ஏறக்குறையவுக்கும் இடமில்லை. போன வாரம் மாவட்டத் தலைநகரில் அவனை எதிரே பார்த்தேன். சந்தையைச் சுற்றிக்கொண்டு வேறு வழியில் போய்விட்டேன். இந்த வயதில், வெங்காய மூட்டைக்குப் பின்னால் ஒளிந்தேன்.

ஒரு வரி எழுது.

உன் தம்பி


அக்டாவ்
செப்டம்பர் 29

தம்பி,

நல்லாத்தான் இருக்கேன். கடல் நல்லா இருக்கு. பூனை குட்டி போட்டிருக்கு.

நீ கேட்டதுக்கு நான் பதில் எழுதலை. எழுதவும் மாட்டேன். அம்மாக்காரிகிட்ட கேக்கற கேள்வியா அது?

ஒரு பார்சல் அனுப்பணும்னு போஸ்ட் ஆபீஸ் வரைக்கும் நடந்தேன். முழங்கால் வீங்கிடுச்சு. மத்தபடி சௌக்கியம். கோர்ட்டுக்குப் போகும்போது உள்ளே கம்பளி போட்டுக்கோ.

அக்கா


ஷெத்புலாக்
அக்டோபர் 15

அன்புள்ள அக்காவுக்கு,

நீ நலமா? முழங்கால் வீக்கம் வடிந்ததா? கம்பளி போட்டுக்கொண்டுதான் போனேன்.

இதை வரிசையாக எழுத முயல்கிறேன். முடியுமா என்று தெரியவில்லை.

ரகிம்ஜானின் வண்டியில் ஐவர் வருவதாகப் பேச்சு. நீதிமன்ற வாசலில் இறங்கியபோது ஊரே நின்றது. பள்ளிக்கூட வேனில் பாதி, மாட்டுத் தீவன லாரியில் பாதி. பல்ஷெகெர் வெளுத்த தலைத்துணி கட்டி வந்திருந்தாள். காவலர், "இது என்ன கல்யாணமா?" என்றார். "கூலி வாங்க வந்திருக்கோம்" என்றான் ரகிம்ஜான்.

அசில்பெக் கடைசியில் வந்தான். இளைத்திருந்தான். என்னைப் பார்த்தான். நான் தரையைப் பார்த்தேன்.

நீதிபதி அவனைக் கேட்டார்: "பத்திரத்துல கையெழுத்து வாங்கினது நீங்கதானே? அப்ப என்ன சொல்லி வாங்கினீங்க?"

வக்கீலின் நாற்காலி ஒரு தடவை ஆடி நின்றது. அசில்பெக் நீதிபதிக்கு முதுகு காட்டாமல், ஆனால் முகத்தை மட்டும் என் பக்கம் திருப்பி, "மாமா" என்றான். நம் பேச்சில் தாயின் உடன்பிறந்தவனைத் தவிர வேறு யாரையும் கூப்பிடாத அந்தச் சொல்லை அவன் சொன்னதும், தட்டச்சு செய்துகொண்டிருந்த பெண்ணின் கை நின்றது.

"மாமா, முதல்ல குதிரைக்குட்டியைக் கேட்டேன். ரெண்டாவது கையெழுத்தைக் கேட்டேன்."

வருகிறது என்று நினைத்தேன். வாயைத் திறக்காதே என்று கேட்கப்போகிறான், இத்தனை பேர் முன்னால் கேட்கப்போகிறான், நானும் கொடுக்கப்போகிறேன்.

"மூணாவது இப்ப கேக்கறேன். நான் யாருன்னு இவங்களுக்குச் சொல்லுங்க."

அக்கா, புயலின் மையம் நிலையத்தைக் கடந்த நாளொன்று என் நினைவில் இருக்கிறது. காற்று கூரையைப் பிய்த்துக்கொண்டிருக்கும்போதே சட்டென்று நின்று, மேலே வட்டமாக நீல வானம் தெரிந்தது. அன்று நான் தொப்பியைக் கழற்றினேன். இந்த முறையும் கை தலைக்குப் போனது, தொப்பி ஏற்கெனவே மடியில் இருந்தது.

எழுந்தேன். "இவன் என் அக்கா கம்ஷாத்தின் மகன்" என்றேன். என் குரல் அவ்வளவு தூரம் போகும் என்று எனக்குத் தெரியாது.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "நீங்க கடன்பட்டிருக்கோம்னு நெனச்சுக் கையெழுத்துப் போட்டீங்களா, இவர் கேட்டார்னு போட்டீங்களா?"

"கேட்டதால் போட்டேன்மா."

"மறுத்திருக்க முடியாதா?"

நான் வாய் திறக்குமுன் அவரே தலையை அசைத்தார். "என் மகனும் அவன் மாமன்கிட்ட அப்படித்தான் காரை வாங்கினான். என் தம்பி இன்னும் பஸ்லதான் போறான்" என்றார். அறை சிரித்தது. வக்கீலும் சிரித்தார். பிறகு நீதிபதி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, சிரிப்பே இல்லாத குரலில், அந்தச் சமரசம் செல்லாது என்றார்.

கதவு திறந்த பிறகு மீதி சுலபமாக நடந்தது. ஊராரை ஒவ்வொருவராகக் கேட்டார். யார் கூலி கொடுத்தது என்றார். "கூலி இல்லைம்மா, கறி போட்டாங்க. உப்புதான் கம்மி" என்றான் ரகிம்ஜான். பல்ஷெகெர், "கூப்பிட்டது நான். அவருக்குக் கூப்பிடத் தெரியாது" என்றாள். ஒருவருக்கொருவர் தோள் கொடுப்பது வேலைக்கு ஆள் வைப்பதாகாது என்று நீதிபதி தீர்ப்பில் எழுதினார். அசார் என்ற சொல்லை அவர் சொல்லச் சொல்ல அந்தப் பெண் தட்டச்சு செய்தாள். இப்போது அதற்கு ஒரு கட்டம் இருக்கிறது.

அசில்பெக்கின் அடையாள அட்டையை அன்றைக்கே வாங்கிக்கொண்டார்கள். படியில் அவன் அருகில் போய் நின்றேன். அவன் ஏன் இப்படிச் செய்தான் என்று வண்டியில் திரும்பி வரும்போதுதான் எனக்கு மெதுவாகப் புரிந்தது. நானாகச் சொல்லியிருந்தால் மருமகனைக் கவிழ்த்த மாமன் ஆகியிருப்பேன், சாகும்வரை. அவன் கேட்டான். கேட்டதால் நான் கொடுத்தவன் மட்டும். மூன்றாவதை அவன் தனக்காகக் கேட்கவே இல்லை.

"இனிமே உங்ககிட்ட கேக்க ஒண்ணுமில்லை மாமா. மூணும் தீந்துடுச்சு" என்றான் படியில்.

"சாப்பிட வா" என்றேன்.

"அதுக்கு எதுக்குக் கேக்கணும்?" என்றான்.

அவனுக்கு வேலை போய்விட்டது. இதை உனக்கு எந்த வார்த்தையில் எழுதுவதென்று தெரியாததால் கடைசியில் எழுதுகிறேன்.

உன் தம்பி


அக்டாவ்
அக்டோபர் 28

தம்பி,

உயிரும் பூனைகளும் சௌக்கியம். அவன் போன் பண்ணினான். நடந்ததைக் கத்திக் கத்திச் சொன்னான், மாடி முழுக்கக் கேட்டிருக்கும். எனக்கும் கேட்டுச்சு.

வேலை போனதுக்கு அழுதேன். பொய் சொல்ல மாட்டேன், ரெண்டு நாள் அழுதேன். மூணாவது நாள் பக்கத்து வீட்டுக்காரி, "ஏன் அழறே?"ன்னா. அவளுக்கு முழுசா சொல்ல ஆரம்பிச்சேன். சொல்லி முடிக்கறப்போ எனக்கே உடம்பு சிலிர்த்துடுச்சு. நான் பெத்த புள்ளையா அது? உன்னை மாதிரி ஒரு பயந்தாங்கொள்ளி குலத்துலயா பொறந்தான்?

இன்னமும் வெங்காய மூட்டை கிட்டதான் நின்னுக்கிட்டிருக்கியா? போய் அவனுக்கு நல்லா உப்புப் போட்டு ஆக்கிப் போடு. பல்ஷெகெர் கூரை ஏறிச்சா? அதை எழுது.

அக்கா


ஷெத்புலாக்
நவம்பர் 6

அன்புள்ள அக்காவுக்கு,

நீயும் பூனைகளும் நலமா? நான் நலம். கை மட்டும் கொஞ்சம் வலிக்கிறது, களிமண் மிதித்தவர்களுக்கு வாளி தூக்கிக் கொடுத்தேன். இந்த முறை யாரும் என்னை ஓரமாக நிற்கச் சொல்லவில்லை.

கூரை ஏறிவிட்டது. பனி கீழே இறங்க இன்னும் கொஞ்ச நாள்தான் இருந்தது. இந்தத் தடவை ஆள் கூப்பிட நான்தான் போனேன். முதல் வாசலில் நின்று இருமினேன். கதவு திறந்து, "சொல்ல வேண்டாம் அண்ணே, பூட்ஸ் போட்டாச்சு" என்றார்கள். மற்ற வாசல்களிலும் அப்படித்தான். எதுவும் சொல்லவிடாமலே என்னை ஊர் முழுக்கச் சுற்றிவரச் செய்தார்கள்.

நடு உத்திரத்தைக் கயிறு கட்டி இழுத்தார்கள். அந்தப் பெரிய மரம் மெதுவாக, வானத்துக்கு எதிரே, தானாக எழுவதுபோல் எழுந்தது. பல்ஷெகெரின் சின்னப் பெண் வாயைப் பொத்திக்கொண்டு பார்த்தாள். நானும் பொத்திக்கொண்டேன்.

மேலே இருந்து அதைப் பிடித்தவன் அசில்பெக். வேலை இல்லாதவனுக்கு உயரமான இடம் என்று ரகிம்ஜான் கேலி செய்து ஏற்றிவிட்டான். மரமறுக்கும் கொட்டிலில் அவனுக்கு ஓர் இடம் பார்த்திருப்பதாகவும் ரகிம்ஜான் சொல்கிறான். பார்ப்போம். உத்திரத்தில் சவாரி செய்பவன்போல் உட்கார்ந்திருந்தான். விழாமலிருக்க இடுப்பில் ஒரு கயிற்றைச் சுற்றி மரத்தோடு கட்டியிருந்தான். மற்றவர்கள் கட்டியிருந்தது கடையில் விற்கும் நைலான். அவனுடையது கறுப்பும் வெளுப்புமாக முறுக்கிய குதிரைமுடிக் கயிறு. முறுக்கில் ஓரிடத்தில் ஒரு புரி தளர்ந்திருக்கும். அது என் கைவேலை. அன்று குட்டியின் கழுத்தில் கட்டியபோதும் அந்த இடம் தளர்ந்துதான் இருந்தது.

அந்தக் கயிறு இத்தனை காலம் உன் பெட்டியில் இருந்தது என்று எனக்குத் தெரியும். செப்டம்பரில் நீ எதற்காகப் போஸ்ட் ஆபீஸுக்கு நடந்தாய், எனக்கு எழுதாத பதிலை யாருக்கு அனுப்பினாய் என்று நான் கேட்கவில்லை. நீயும் எழுத வேண்டாம்.

ஒன்றை மட்டும் திருத்த வேண்டும். ஜூன் மாதக் கடிதத்தில் ஐந்து குறிப்பு எழுதியிருந்தேன். எனக்குச் சந்தேகமாக இருந்தது நான்காவது. அது சரியாகத்தான் இருந்திருக்கிறது. கையெழுத்து வாங்கிய அதிகாரி யார் என்பது தேவையில்லை என்று ஐந்தாவதாக எழுதினேனே, அது தவறு.

உன் தம்பி
தெமிர்கலி